ஏழுமலைக்கு நான் ஏற்றிய பதினேழு வயது

"உண்மையைச் சொல்லுங்க. இவருக்கு என்ன வயசு?"

மார்கழிக் கடைசியில், ஒரு பெரிய ஆஸ்பத்திரியின் அவசரப் பிரிவில், என் மகள் வயதே இருக்கும் ஒரு டாக்டரம்மா என்னைப் பார்த்துக் கேட்டார். கையில் ஒரு சின்ன ரப்பர் சுத்தியல். அதைக் கொண்டு ஸ்ட்ரெச்சரில் கிடந்தவனின் குதிகால் நரம்பைத் தட்டிவிட்டு, பாதம் துள்ளுவதையும் அடங்குவதையும் பார்த்துக்கொண்டே கேட்டார். துள்ளிய பாதம் பழைய இடத்துக்குத் திரும்ப ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டது.

"எழுபது" என்றேன்.

"யார் சொன்னது?"

"ஆதார்ல இருக்கு டாக்டர்."

"ஆதாரை நான் கேக்கலையே..."

வழக்கமாக இந்தப் பக்கத்தில் என் தொப்பையையும் வீட்டம்மாவின் ரசத்தையும் கிண்டல் செய்துகொண்டிருப்பேன். நீங்களும் சிரித்துவிட்டு அடுத்த பக்கம் போய்விடுவீர்கள். இந்த வாரம் சிரிக்க ஒன்றுமில்லை. முன்னாலேயே சொல்லிவிடுகிறேன்.

ஸ்ட்ரெச்சரில் கிடந்தவன் பெயர் ஏழுமலை. உத்திரமேரூரிலிருந்து மாகறல் போகிற வழியில், ஊருக்கு வெளியே ஓர் இருளர் குடியிருப்பு இருக்கிறது. அங்கே பதினைந்து இருபது குடும்பங்கள். ஏழுமலை சீமைக்கருவேலம் வெட்டப் போவான். அறுப்புக் காலத்தில் வயலுக்குப் போவான். வேலை இல்லாத நாளில் உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டு பக்கம் நான் வைத்திருக்கும் ஜெராக்ஸ் கடை வாசலில் வந்து உட்கார்வான். "இன்னா சார், பேப்பர்ல இன்னா போட்டுகிறான்?" என்பான். பழக்கம் அப்படித்தான் ஆரம்பித்தது.

'அவன்' என்று எழுதுகிறேனே, எழுபது வயதுக்காரரை இப்படியா எழுதுவது என்று உங்களில் சிலருக்குக் கோபம் வரலாம். அவனுக்கு எழுபது இல்லை. அது எனக்குத் தெரியும். ஏனென்றால் அந்த எழுபதைப் போட்டவனே நான்தான்.

பன்னிரண்டு வருடம் இருக்கும். குடியிருப்பில் ஆதார் முகாம் நடந்தது. யாரிடமும் பிறப்புச் சான்றிதழ் கிடையாது. பாதிப் பேர் பிறந்தது செங்கல் சூளையில், மீதிப் பேர் யாரோ ஒருவருடைய கொல்லையில். ஃபாரம் எழுத ஆள் வேண்டும் என்றார்கள். ஃபாரம் எழுதுவதுதானே என் பிழைப்பு? பேனாவை எடுத்துக்கொண்டு போய் உட்கார்ந்தேன்.

"ஏழுமலை, உன் வயசு என்ன?"

"யாருக்குத் தெரியும்? ஏரி ஒடைச்சிக்கினு ஊருக்குள்ள வந்துச்சே, அப்ப நான் கைக்கொயந்தையாம். எங்கம்மா தலையில கூடையில வெச்சித் தூக்கிக்கினு ஓடுச்சாம்."

ஏரி உடைத்துக்கொண்ட வருடம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. நான் எட்டாவது படித்துக்கொண்டிருந்தேன். பள்ளிக்கூடத்துக்குள் இடுப்பளவு தண்ணீர், பத்து நாள் லீவு. அப்படியென்றால் இவன் என்னைவிடப் பதின்மூன்று வயது சின்னவன். முகாம் நடந்த அன்று எனக்கு ஐம்பத்து நான்கு, அவனுக்கு நாற்பத்தொன்று. கணக்கு ஒரு நிமிடத்தில் முடிந்துவிட்டது.

ஆனால் நிமிர்ந்து முகத்தைப் பார்த்தேன். கன்னம் ஒட்டி, தலை பாதி நரைத்து, கழுத்துத் தோல் சுருங்கி... என்னைவிட மூத்தவனாகத் தெரிந்தான். எனக்குள் இருந்த புத்திசாலி விழித்துக்கொண்டான். ஐம்பத்தெட்டு என்று போட்டால் இரண்டே வருடத்தில் முதியோர் பென்ஷன் கிடைக்குமே! யார் கேட்கப் போகிறார்கள்? பார்த்தால் நம்பத்தானே போகிறார்கள்?

"அம்பத்தெட்டுனு போடவா?"

"நீ பாத்து இன்னா போட்டாலும் சரி சார்" என்றான்.

அவன் மனைவி பச்சையம்மாவுக்கு ஏரிக் கணக்கும் தெரியவில்லை. அவளுக்கு ஐம்பது போட்டேன். அன்றைக்கு மொத்தம் ஒன்பது பேருக்கு இப்படி வயதை ஏற்றினேன். சாயந்திரம் வீட்டுக்கு வரும்போது மனசெல்லாம் பெருமை. ஒன்பது பேர் வாழ்க்கையில் விளக்கேற்றி வைத்ததாக நினைப்பு. வீட்டம்மாவிடம் சொல்லிப் பாராட்டும் வாங்கிக்கொண்டேன்.

அடுத்த வருடமே அவர்களுக்கு ஒரு பெண் குழந்தை பிறந்தது. கடைசிப் பெண். "அம்பத்தொரு வயசுல புள்ள பெத்துக்கினியே பச்சையம்மா, கின்னஸ்ல போடுவாங்க!" என்று கடை வாசலில் நான் கிண்டல் செய்ய, அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். நானும் சிரித்தேன். அதற்கு மேல் யோசிக்கவில்லை.

பென்ஷன் வந்தது. ஏழுமலையின் பெயரும் மாறியது. "வாங்க பெரியவரே" என்று நான்தான் விளையாட்டாக ஆரம்பித்தேன். பிறகு டீக்கடைக்காரர், பஸ் கண்டக்டர் எல்லோரும் அப்படியே கூப்பிட ஆரம்பித்தார்கள். அவனும் அதற்குத் திரும்பிப் பார்க்கப் பழகிவிட்டான்.

போன சித்திரையில்தான் முதலில் கவனித்தேன். கத்தரி வெயில். தார் ரோட்டில் செருப்பு ஒட்டிக்கொள்கிறது. ஏழுமலை ஒரு கம்பளியைப் போர்த்திக்கொண்டு பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்திருந்தான்!

"என்ன பெரியவரே, ஊட்டிக்குப் போறீங்களா?"

"குளுருது சார்" என்றான். குரல் கரகரவென்று யாரோ வேறு ஆள் பேசுகிற மாதிரி வந்தது. பக்கத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள். நான்? சிரித்தவர்களில் முதல் ஆள்.

அப்புறம் ஒவ்வொன்றாக வந்தது. மரம் வெட்டக் கூட்டிப் போகிற மேஸ்திரி, "பெருசு, ரெண்டு வெட்டு வெட்டிட்டு குந்திக்கிறியே, நீ வூட்ல இரு" என்று வண்டியில் ஏற்றாமல் விட்டார். முகம் உப்பியது. கூப்பிட்டால் காதில் விழவில்லை. ஒரு கேள்வி கேட்டால் பதில் வருவதற்குள் நமக்கே கேள்வி மறந்துவிடும். பகலெல்லாம் தூங்கினான். ஒருநாள் கடைக்கு வந்துவிட்டு, திரும்பிப் போகிற வழி தெரியாமல் நின்றான். நாற்பது வருடமாக நடந்த வழி அது.

பச்சையம்மா மட்டும்தான் பயந்தாள். "சார், இந்த ஆளு முன்ன மாதிரி இல்ல சார். சோத்துத் தட்டு முன்னால குந்திக்கினே தூங்குது. எனுக்கு பேஜாரா கீது."

ஆடி மாதம் நானே ஒரு கிளினிக்குக்குக் கூட்டிக்கொண்டு போனேன். சீட்டு எழுதுகிற பெண் வயது கேட்டாள். நான் முந்திக்கொண்டு சொன்னேன்... "எழுபது." டாக்டர் சீட்டைப் பார்த்தார், ஏழுமலையைப் பார்த்தார், ஸ்டெதஸ்கோப்பை வைத்து எடுத்தார். "எழுபது வயசுல இதெல்லாம் வரத்தான் செய்யும். மறதி, தூக்கம், அசதி... வயசுதான். சத்து மாத்திரை எழுதியிருக்கேன்."

எங்களுக்கு நிம்மதி. பெரிய வியாதி ஒன்றுமில்லை, வயசுதான்!

இங்கே இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். அதே ஆடியில் எனக்கு ஒரு வாரம் இருமல். அறுபத்தாறு வயது, பிள்ளை சென்னையில் கை நிறையச் சம்பாதிக்கிறான். எனக்கு எக்ஸ்ரே, ரத்தம், சர்க்கரை, கொழுப்பு, தைராய்டு, கடைசியில் ஒரு ஸ்கேன். இருமல் தூசியால் வந்ததாம். என்னிடம் எந்த டாக்டரும் "வயசுதான்" என்று சொல்லி அனுப்பவில்லை. அந்தப் பரிசோதனைச் சீட்டில் இருந்த ஒரே ஒரு வரியை அவனுக்கும் எழுதியிருந்தால்... ஆனால் எழுதச் சொல்லி நானும் கேட்கவில்லையே.

மார்கழியில் ஒரு விடியற்காலை போன் வந்தது. பச்சையம்மா.

"சார், ஆளு எழுந்துக்க மாட்டேங்குது சார். எயுப்பினா முனகுது, கண்ண தொறக்கல. ஒடம்பு தொட்டா ஐஸு மாதிரி கீது. வா சார், சீக்கிரம் வா."

108க்குச் சொல்லிவிட்டு ஓடினேன். அங்கிருந்து நேராக அந்த ரப்பர் சுத்தியல் டாக்டரிடம்.

அவர் என்னை விட்டுவிட்டுப் பச்சையம்மா பக்கம் திரும்பினார். "உங்க கடைசிப் புள்ளைக்கு என்ன வயசும்மா?"

"பதினொண்ணு. ஆறாவது படிக்குது."

"உங்களுக்கு?"

"கார்டுல அறுவத்திரெண்டு."

"அறுபத்திரண்டு வயசு அம்மாவுக்குப் பதினொரு வயசுப் பொண்ணா? கணக்கு இடிக்குதே..."

ஒரு முழு ஊர், ஒரு கிளினிக், ஒரு ஜெராக்ஸ் கடைக்காரன்... யாருக்கும் இடிக்காத கணக்கு அவருக்கு அரை நிமிடத்தில் இடித்தது. முகாம், ஏரி, ஐம்பத்தெட்டு... எல்லாவற்றையும் சொன்னேன். "அப்ப இவருக்கு அம்பத்தி மூணு" என்றார். திட்டுவார் என்று நினைத்தேன். அவருக்குத் திட்ட நேரமில்லை. ஊசி, டிரிப், கம்பளி என்று நர்ஸுக்குச் சொல்ல ஆரம்பித்துவிட்டார்.

பாதம் மெதுவாகத் திரும்பியதைப் பார்த்தே அவருக்கு வந்த சந்தேகம் தைராய்டு. ரத்தப் பரிசோதனையும் அதையே சொன்னது. கழுத்தில் இருக்கிற அந்தச் சின்னச் சுரப்பி வேலையை நிறுத்திப் பல மாதமாகிவிட்டது. உடம்பு எந்த வேகத்தில் ஓட வேண்டும் என்று சொல்வது அதுதான். அது நின்றால் இதயம் மெதுவாகும், மூளை மெதுவாகும், குடல் மெதுவாகும், தோல் வறண்டு முடி கொட்டும், குளிர் நடுக்கும். வெளியிலிருந்து பார்த்தால்? அச்சு அசல் கிழம்!

மறுநாள் காரிடாரில் டாக்டரைப் பிடித்தேன். "முகமே கிழவன் மாதிரி இருந்துச்சு டாக்டர். அதனாலதான்..."

"முகம் பொய் சொல்லலை. அவர் தோல் நிஜமாவே சீக்கிரம் கிழடாயிருக்கு" என்றார். "சின்ன வயசுல பட்டினி, சூளைப் புகை, அம்பது வருஷ வெயில். உடம்புல செல்லெல்லாம் பிரிஞ்சு பிரிஞ்சு பழசைப் புதுசாக்கிட்டே இருக்கும். அடி அதிகம் பட்டா அது சீக்கிரம் ஓஞ்சிடும். ஓஞ்சதுங்க சும்மாவும் இருக்காது, பக்கத்துல இருக்கறதையும் கெடுக்கும். ஒரே வருஷத்துல பொறந்த ரெண்டு பேருக்கு ஒரே வயசு இருக்கணும்னு இல்லை. ஒரே ஆளுக்குள்ளயே தோலுக்கு ஒரு வயசு, சிறுநீரகத்துக்கு ஒரு வயசு."

"அப்ப என் தப்பு பாதிதானா?" என்று அசட்டுத்தனமாகக் கேட்டேன். மனிதனுக்குத் தன் குற்றத்தில் தள்ளுபடி கேட்கிற ஆசை எப்போதும் போகாது போல.

அவர் சிரிக்கவில்லை. "எழுபதாவே இருந்தாலும் இதைப் பாத்திருக்கணும் சார். வயசு மெதுவாத்தான் வரும். யாருமே ஒரு கோடைக்குள்ள கிழவன் ஆகிட மாட்டாங்க. அவ்வளவு வேகமா வந்தா அது வயசில்லை, வியாதி. ஆறு மாசம் முன்னாடி கண்டுபிடிச்சிருந்தா தினம் காலைல வெறும் வயித்துல ஒரு சின்ன மாத்திரை. மறுபடி மரம் வெட்டப் போயிருப்பார்."

ஒரு சின்ன மாத்திரை. அதைக் கேட்டபிறகு அந்தக் காரிடாரில் நிற்க முடியவில்லை. வெளியே போய் ஒரு டீயை வாங்கிக் குடிக்காமல் கையில் வைத்துக்கொண்டு நின்றேன்.

மூன்றாம் நாள் ஏழுமலை கண் விழித்தான். பச்சையம்மா தங்கள் குலதெய்வம் கன்னியம்மாவுக்கு வேண்டிக்கொண்டு மஞ்சள் துணியில் காசு முடிந்து வைத்திருந்தாள். அதை அவன் தலையைச் சுற்றி எடுத்தாள். நானும் பிழைத்துவிட்டான் என்றே நினைத்தேன். என்னைப் பார்த்து அடையாளம் தெரிந்து உதட்டை அசைத்தான். குனிந்தேன்.

"வயசாயிட்ச்சி சார்... அதான்" என்றான்.

எதற்கோ மன்னிப்புக் கேட்கிற குரல். எத்தனையோ பேரைத் தொந்தரவு செய்துவிட்டோமே என்கிற கூச்சம். எனக்குப் பொறுக்கவில்லை. "யோவ், உனக்கு வயசெல்லாம் ஆகலை. அம்பத்தி மூணுதான்யா. என்னைவிடப் பதிமூணு வயசு சின்னவன்யா நீ" என்றேன், வார்டே திரும்பிப் பார்க்கும்படி.

"சும்மா சொல்லாத சார்" என்று கண்ணை மூடிக்கொண்டான். அவன் நம்பவில்லை. பன்னிரண்டு வருடமாக ஊரே சேர்ந்து நம்பவைத்ததை நான் ஒரு நிமிடத்தில் எப்படி எடுப்பது?

அன்று சாயந்திரம் நெஞ்சில் சளி கட்டியது. நிமோனியா என்றார்கள். மாதக்கணக்காகத் தளர்ந்து போயிருந்த இதயம் அதைத் தாங்கவில்லை. ஐந்தாம் நாள் காலையில் ஏழுமலை போய்விட்டான்.

குடியிருப்பில் அழுகைச் சத்தத்துக்கு நடுவே ஒரு குரல் என் காதில் விழுந்தது. "கல்யாணச் சாவுதானேமா, எயுவது வயசு வாய்ந்துட்டாரு." ஊரிலிருந்து வந்த யாரோ ஆறுதலாகச் சொன்னது. அந்தப் பதினொரு வயதுப் பெண் அப்பாவின் காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். எழுந்து கத்த வேண்டும் போல இருந்தது. கத்தவில்லை. கோழை.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது எனக்கு ஒரு சந்தேகம். இதே மாதிரி எத்தனை வீட்டில், எத்தனை பேரை "வயசாயிடுச்சு, விடு" என்று மூலையில் உட்கார வைத்திருக்கிறோம்? அப்பா கம்பளி கேட்கிறார், அம்மா பேச்சைக் குறைத்துவிட்டார், மாமியார் ஒரே இடத்தில் உட்கார்ந்திருக்கிறார்... வயசு என்று ஒரு வார்த்தையைச் சொல்லிவிட்டால் ஆஸ்பத்திரிக்கு அலைய வேண்டாம், லீவு போட வேண்டாம், கவலைப்படவும் வேண்டாம். எவ்வளவு வசதியான வார்த்தை! தயவுசெய்து ஒரே ஒரு கேள்வி கேளுங்கள். இது எப்போது ஆரம்பித்தது? பதில் "போன வருஷம்கூட நல்லா இருந்தாரே" என்று வந்தால், டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போங்கள்.

போன வாரம், காரியம் முடிந்து, குடியிருப்புக்குப் போனேன். அன்றைக்கு நான் வயது ஏற்றிய ஒன்பது பேரில் இருவர் முன்பே இறந்துவிட்டார்கள். எதனால்? "வயசுதான் சார்" என்றார்கள். அந்தப் பதிலை இனிமேல் என்னால் அப்படியே வாங்கி வைத்துக்கொள்ள முடியாது. மீதி ஆறு பேர் இருக்கிறார்கள். அதில் முதல் ஆள் பச்சையம்மா.

அவளுக்கு மூன்று மாதமாக மூச்சு வாங்குகிறதாம். படி ஏறினால் கண் இருட்டுகிறதாம். எல்லாம் வயசுதான் என்று விட்டுவிட்டாளாம்.

"நாளைக்கே டாக்டர்கிட்ட போறோம்" என்றேன். "அதுக்கு முன்னாடி கார்டுல வயசைத் திருத்தணும். நான் எழுதித் தரேன். செஞ்ச தப்பை நானே சரி பண்றேன்."

அவள் பதறிப்போனாள். "இன்னா சார் நீ! அந்த ஆளு பென்சன் நின்னுபூட்ச்சி. என்னுது வந்துக்கினு கீது. கார்டுல வயசக் கொறைச்சா அதுவும் நின்னுபூடும். இந்தப் பொண்ண நான் எப்டி படிக்க வெக்கிறது? என் வயசுதான் சார் எனுக்கு சோறு போடுது. அத்தப் போயி கொறைக்கச் சொல்றியே!"

விதவைப் பென்ஷன் இருக்கிறது, எழுதிப் போடலாம் என்றேன்.

"அது வர்றதுக்குள்ள எத்தினி தபா அலையணும்? அலையற வரைக்கும் கஞ்சிக்கு?"

தப்பாகப் போட்ட வயதுதான் அவள் அடுப்பை எரியவைக்கிறது. அதே வயதுதான் அவள் புருஷனைக் கொண்டுபோனது. இரண்டும் என் கையெழுத்து.

பச்சையம்மாவே எனக்காக மனமிரங்கி ஒரு வழி கண்டுபிடித்தாள். "சரி, நீ பயப்படாத சார். கார்டு அப்டியே இருக்கட்டும். டாக்டரம்மாவாண்ட மட்டும் நெச வயச சொல்லிக்கிறேன். போதுமா?"

"போதும் பச்சையம்மா. அது போதும்."

கிளம்பினேன். செருப்பை மாட்டும்போது பின்னாலிருந்து கேட்டாள்.

"சார்... என் நெச வயசு இன்னா சார்?"

தெரியாது என்றேன். அன்றைக்கே அப்படிச் சொல்லியிருக்க வேண்டும்.